நவூருத் தீவின் தர்மகர்த்தாக்கள்

சின்னஞ்சிறு தீவுகளைப் பற்றிப் பேச்சு வந்தால் பெரிய தேசத்துப் பெரிய மனிதர்கள் சொல்லுவது பெரும்பாலும் ஒரே மாதிரியாகத்தான் இருந்து வருகின்றது. அவை சிறியவை, சமுத்திரத்தின் நடுவில் தூரத்தில் கிடப்பவை, அங்குள்ள ஜனங்கள் உலக விவரம் அறியாதவர்கள், ஆகையால் அவை கெட்டுப் போவது இயற்கையே என்பார்கள். இன்னும் கொஞ்சம் இரக்கமுள்ளவர்கள், "பாவம், அவர்கள் தலையெழுத்து" என்று சொல்லிவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விடுவார்கள். தலையெழுத்து என்கிற வார்த்தை எந்த இடத்தில் வந்தாலும் அந்த இடத்தில் யாரோ ஒருவன் கணக்குப் புஸ்தகத்தை மறைக்கின்றான் என்பது நமது அனுபவம். ஆகவே இவ்வாரம் நவூரு என்னும் ஒரு தீவின் கணக்குப் புஸ்தகத்தை வாசகர்கள் முன் பிரித்து வைக்க ஆசைப்படுகின்றோம். அது எழுத்தினால் கெட்டதா, ஆளினால் கெட்டதா என்பதை அவரவர் புத்தியைக் கொண்டே முடிவு செய்து கொள்ளலாம்.

நவூரு பசிபிக் மகா சமுத்திரத்தில், பூமத்திய ரேகைக்குச் சற்றுத் தெற்கே இருக்கின்றது. மொத்த விஸ்தீரணம் 8 சதுர மைல், அதாவது 21 சதுர கிலோ மீட்டர். கடலோரமாகத் தீவைச் சுற்றி ஒரு பாதை போகின்றது; அதன் நீளம் 12 மைல். நம் ஊர் மாட்டு வண்டியில் விடியற்காலையில் புறப்பட்டால் தேசம் முழுவதையும் சுற்றிக் கொண்டு மத்தியானச் சாப்பாட்டுக்குத் திரும்பி வந்து விடலாம். ஜனத்தொகை சுமார் 12,000. சுதந்திரமான குடிஅரசுகளில் உலகத்திலேயே சிறியது இதுதான். தலைநகரம் என்று சட்டப்படி ஒன்று கிடையாது. யாரென் என்னும் ஜில்லாவில் சர்க்கார் ஆபீஸ்கள் இருக்கின்றன. ஆறு கிடையாது. துறைமுகத்துக்கேற்ற இயற்கையான குடாவும் கிடையாது. கரையை ஒட்டிப் பவளத் திட்டு, அதைத் தாண்டினால் உடனே அடி காணாத ஆழம்.

தீவின் அமைப்பை வாசகர்கள் மனதில் வைத்துக் கொள்ள வேண்டும். ஏனெனில் பின்னால் வரும் சங்கதி முழுவதும் அதைப் பொறுத்தே இருக்கின்றது. தட்டில் கவிழ்த்த கிண்ணம் மாதிரி என்று வைத்துக் கொள்ளுங்கள். தட்டின் விளிம்புதான் ஜனங்கள் குடியிருக்கும் கடற்கரை. சில நூறு கஜ அகலமுள்ள ஒரு பட்டை. அங்கே தென்னை, தாழை. கிண்ணம் என்பது நடுவிலுள்ள மேட்டு நிலம்; அதற்கு "மேல்பக்கம்" என்று அவர்கள் பேர் சொல்லுவார்கள். தீவில் ஐந்தில் நான்கு பாகம் அதுதான். ஒரு காலத்தில் அங்கே புன்னை மரம் அடர்ந்திருந்தது. பள்ளத்தில் புவாடா என்று ஒரு குட்டை. கடலில் பிடித்த பால்கெண்டைக் குஞ்சுகளை அதில் விட்டு வளர்த்துச் சாப்பிட்டார்கள். ஜனங்கள் 12 குலமாக இருந்தார்கள். பிள்ளைக்குக் குலம் தாய் வழியே வந்தது. அவர்கள் கொடியிலுள்ள நட்சத்திரத்துக்கு 12 முனை இருப்பதன் காரணம் இதுவே.

1798-ல் ஜான் பியர்ன் என்ற இங்கிலீஷ் கப்பல் தலைவன் தீவைக் கண்டு, ஜனங்கள் சிரித்த முகமாய்ப் படகில் வந்ததைப் பார்த்து "இன்பத் தீவு" என்று பேர் வைத்துவிட்டுப் போனான். அதற்குப் பிறகு திமிங்கில வேட்டைக்காரரும் வியாபாரிகளும் வந்தார்கள். அவர்கள் கொண்டு வந்த நாகரிகச் சரக்கு இரண்டு: ஒன்று துப்பாக்கி, மற்றொன்று சாராயம். 1878 முதல் 1888 வரை பத்து வருஷ காலம் குலங்கள் ஒன்றையொன்று சுட்டுக் கொண்டன. துப்பாக்கி விற்றவர்களின் ஜாதிக்காரரே பிறகு சமாதானம் செய்து வைக்க வந்து, 1888-ல் ஜெர்மன் கொடியை நாட்டித் துப்பாக்கிகளைப் பறிமுதல் செய்தார்கள். இந்த மாதிரி சமாதானம் உலகத்தில் எங்கும் நடந்திருப்பதால் இதைப் பற்றி அதிகம் எழுதத் தேவையில்லை.

உண்மையான சரித்திரம் ஒரு கல்லில் ஆரம்பிக்கின்றது. சிட்னி நகரத்தில் பசிபிக் தீவுக் கம்பெனி என்று ஒரு வியாபாரக் கம்பெனி இருந்தது. அதன் ஆபீஸில் கதவு அடித்துக் கொள்ளாமலிருக்க ஒரு கல்லை முட்டுக் கொடுத்து வைத்திருந்தார்கள். நவூருவிலிருந்து வந்த கல்; மரம் கல்லாய்ப் போனது என்று எல்லோரும் நினைத்திருந்தார்கள். அந்த ஆபீஸிலிருந்த ஆல்பர்ட் எல்லிஸ் என்ற சிப்பந்திக்குச் சந்தேகம் வந்து, அதில் ஒரு துண்டைச் சோதித்துப் பார்த்ததில் அது முதல்தரமான பாஸ்பேட் என்று தெரிந்தது. கடற்பறவைகளின் எச்சமும் சமுத்திரப் பொருள்களும் பவளப்பாறையில் பல்லாயிரம் வருஷமாய்ப் படிந்து இறுகினது அது. கந்தகத் திராவகம் விட்டுப் பக்குவம் செய்தால் சூப்பர் பாஸ்பேட் என்ற உரமாகும். ஆஸ்திரேலியாவின் மண் மிகப் பழையது, சாரமற்றது. அந்த உரமில்லாமல் அங்கே கோதுமையும் ஆட்டுப்புல்லும் வேண்டிய அளவு விளையாது. நியூஸிலாந்தின் வெண்ணெயும் அப்படித்தான். ஒரு கதவுக்கு முட்டுக் கொடுத்த கல் இரண்டு தேசங்களின் விவசாயத்துக்கே முட்டுக் கொடுக்கலாயிற்று.

நவூருவுக்குக் கிழக்கே சுமார் 190 மைலில் பனபா என்று மற்றொரு தீவு இருக்கின்றது. நவூருவில் மூன்றில் ஒரு பங்குகூட இராது. அங்கும் இதே கல் கிடைத்தது. 1900-ம் வருஷம் மே மாதம் 3-ந் தேதி எல்லிஸ் அங்கே போய், ஒருவரை அத்தீவின் "ராஜா" என்று எழுதி அவரிடம் கையெழுத்து வாங்கினார். அத்தீவில் தீவு முழுவதற்கும் ராஜா என்று ஒருவர் இருந்ததே கிடையாது! பத்திரத்தின் ஷரத்து என்னவென்றால், 999 வருஷத்துக்குப் பாஸ்பேட் வெட்டும் பாத்தியதை கம்பெனிக்கு. அதற்குப் பிரதி, வருஷம் 50 பவுன் ரொக்கமாகவோ, அல்லது அந்தப் பெறுமானத்துக்குக் கம்பெனிச் சரக்காகவோ கொடுக்கப்படும். நம் நாட்டில் கைநாட்டுப் பத்திரங்கள் ஏராளமாய்ப் பார்த்திருக்கின்றோம். ஆனாலும் 999 வருஷத்துக்கு எழுதி வாங்கின லேவாதேவிக்காரன் நமக்குத் தெரிந்து இல்லை. நவூருவிலோ அந்தக் கையெழுத்துக்கூட வேண்டியிருக்கவில்லை. ஜெர்மன் சர்க்கார் முன்னமே ஒரு ஜெர்மன் கம்பெனிக்குப் பாத்தியதை கொடுத்திருந்தது. அந்தக் கம்பெனியோடு இங்கிலீஷ் கம்பெனி பேரம் பேசிக் கொண்டது. நிலத்துக்குச் சொந்தக்காரர்களை எவரும் கேட்கவில்லை. 1907 முதல் கப்பல்கள் ஏற்றிப் போக ஆரம்பித்தன. நிலத்துக்காரனுக்குக் கிடைத்தது டன் ஒன்றுக்கு அரை பென்னி. ஒரு டன் என்றால் ஒரு வண்டிப் பாரம். அரை பென்னி என்றால் அந்தக் காலத்து நம் நாட்டுக் காசில் அரை அணா.

நிற்க, இனிமேல்தான் தர்மகர்த்தாக்கள் வருகின்றார்கள்.

1914-ல் ஐரோப்பிய யுத்தம் மூண்டவுடன் ஆஸ்திரேலியா ஜெர்மானியரிடமிருந்து நவூருவைப் பிடித்துக் கொண்டது. யுத்தம் முடிந்ததும், பிடித்த தேசங்களைச் சொந்தம் என்று சொல்லிக் கொள்ள வெட்கப்பட்டு, "சர்வதேச சங்கத்தின் பேரால் பொறுப்பு ஏற்று, அந்த ஜனங்களின் நன்மைக்காகப் பரிபாலனம் செய்வது" என்று ஒரு புதிய சித்தாந்தம் செய்தார்கள். நாகரிகத்தின் புனிதமான பொறுப்பு என்று அதற்குப் பேர் வைத்தார்கள். புனிதம் என்கிற வார்த்தை வந்தவுடனேயே நமது வாசகர்கள் மடியைப் பார்த்துக் கொள்ளுவார்கள் என்று நம்புகின்றோம். நவூருவுக்கு இங்கிலாந்து, ஆஸ்திரேலியா, நியூஸிலாந்து ஆகிய மூவரையும் சேர்த்துத் தர்மகர்த்தாக்களாக்கினார்கள்.

இதில் தேதிகளைக் கவனிக்க வேண்டும். சர்வதேச சங்கம் நவூருவின் பொறுப்பை ஒப்படைத்தது 1920-ம் வருஷம் டிசம்பர் மாதத்தில். ஆனால் மூன்று சர்க்காரும் பாஸ்பேட்டைப் பங்கு பிரித்து உடன்படிக்கை எழுதிக் கொண்டது 1919-ம் வருஷம் ஜூலை மாதம் 2-ந் தேதி. இங்கிலாந்துக்கு 100-க்கு 42, ஆஸ்திரேலியாவுக்கு 42, நியூஸிலாந்துக்கு 16. அதாவது கோயில் கதவின் சாவி கைக்கு வருவதற்கு 17 மாதம் முன்னாலேயே உண்டியலைப் பங்கு போட்டாய்விட்டது. பழைய கம்பெனிக்கு 35 லட்சம் பவுன் கொடுத்து விலைக்கு வாங்கினார்கள். "பிரிட்டிஷ் பாஸ்பேட் கமிஷனர்கள்" என்று மூன்று பேரை நியமித்து வியாபாரத்தை அவர்களிடம் விட்டார்கள். அந்தக் கமிஷனர்களின் நிர்வாகத்தில் மூன்று சர்க்காரும் தலையிடக் கூடாது என்று அந்த உடன்படிக்கையிலேயே ஒரு ஷரத்தும் இருந்தது.

இந்த ஏற்பாட்டின் சூட்சுமம் கம்பெனிக் காலத்து ஏற்பாட்டைவிட மோசமானது. எப்படி என்றால், கம்பெனிக்காரன் கொள்ளையடித்தாலும் சரக்கை நல்ல விலைக்கு விற்கத்தான் பார்ப்பான். விலை ஏறினால் நிலத்துக்காரனும் பங்கு கேட்க ஒரு நியாயமாவது இருக்கும். கமிஷனர்களோ லாபத்துக்கு விற்கவில்லை. வெட்டுகிற செலவு, ஏற்றுகிற செலவு, போட்ட முதலுக்கு வட்டி இவைகளைக் கூட்டி, அடக்க விலைக்கே மூன்று தேசத்து விவசாயிகளுக்கும் கொடுத்தார்கள். உலகச் சந்தை விலையைவிட அது மிகவும் குறைவு. விற்பவனும் அவனே, வாங்குபவனும் அவனே, விலையை நிர்ணயிப்பவனும் அவனே, சொத்துக்குச் சொந்தமான மைனருக்குக் கார்டியனும் அவனே! இந்தக் கணக்கில் "லாபம்" என்ற கலமே கிடையாது. ஆகையால் நவூருக்காரன் "என் பங்கு எங்கே?" என்று கேட்டால், "லாபமே இல்லையே, அப்பா" என்று மிகவும் யோக்கியமாய்ப் புஸ்தகத்தை விரித்துக் காட்டி விடலாம். லாபம் எங்கே போயிற்று என்றால், ஆஸ்திரேலியாவின் கோதுமையிலும் நியூஸிலாந்தின் வெண்ணெயிலும் போய்ச் சேர்ந்து விட்டது. அந்த வெண்ணெயைத் தின்றவனுக்குத் தான் யாருடைய மண்ணைத் தின்கிறோம் என்பது தெரியாது. கோயில் நிலத்தை மைத்துனன் பேருக்கு அரைக் குத்தகைக்கு விட்டுவிட்டு, "கோயிலுக்கு வருமானமே இல்லை" என்று கணக்கெழுதுகிற தர்மகர்த்தாவை நம் ஜனங்களுக்கு நன்றாய்த் தெரியும். முதலாளிகள் ஏழைகளின் தர்மகர்த்தாக்களாய் இருக்க வேண்டுமென்று நம் தேசத்திலும் ஒரு காலத்தில் பெரிதாக உபதேசம் நடந்தது. அந்த உபதேசம் கேட்டவர்கள் நவூருவின் புஸ்தகத்தை ஒரு தடவை பார்ப்பது நல்லது.

வெட்டின வேலை சீனக் கூலிகளுடையது, கில்பர்ட் முதலிய பக்கத்துத் தீவுக்காரருடையது. புன்னை மரத்தை வெட்டித் தள்ளி, மேல் மண்ணை வாரிக் கொட்டி, பவளப்பாறை இடுக்குகளில் அடைந்து கிடக்கும் பாஸ்பேட்டைச் சுரண்டி எடுக்க வேண்டும். எடுத்த பிறகு மிச்சமிருப்பது என்ன? ஆள் உயரத்துக்கும் இரண்டு மூன்று மடங்கு உயரமான பாறை முளைகள், கோரைப் பற்கள் மாதிரி ஒன்றையொன்று நெருக்கிக் கொண்டு நிற்கின்றன. அதில் நடக்க முடியாது, வீடு கட்ட முடியாது, ஒரு கீரைப்பாத்தி போட முடியாது. வெட்டின குழியை மறுபடியும் நிரப்பி நிலத்தைத் திருத்திக் கொடுக்க வேண்டும் என்ற எண்ணம் தர்மகர்த்தாக்களில் ஒருவருக்கும் உதிக்கவில்லை. உதித்திருந்தால் அடக்க விலை ஏறிவிடும். வெண்ணெய் விலையும் ஏறிவிடும் அல்லவா? 1948-ல் சீனக் கூலிகள் கலகம் செய்தபோது அதை ஆயுதத்தால் அடக்கினார்கள்; உயிர்ச்சேதமும் ஏற்பட்டது. உழைத்தவனுக்குக் கூலியும் நிலத்துக்காரனுக்கு நிலமும் இல்லாத ஒரு வியாபாரத்துக்குப் "புனிதமான பொறுப்பு" என்று பேர் வைத்தவனுடைய தைரியத்தை மெச்சத்தான் வேண்டும்.

நடுவில் ஜனங்கள் அழிந்து போகாமல் தப்பினதே ஆச்சரியம். 1920-ல் விஷக் காய்ச்சல் வந்து பலர் மாண்டார்கள். ஜனத்தொகை 1500-க்குக் குறைந்தால் இனமே நிலைக்காது என்ற பயம் இருந்தது. 1932 அக்டோபர் 26-ல் 1500-வது குழந்தை பிறந்தபோது அதை விழாவாகக் கொண்டாடினார்கள். இன்றும் அங்கம் நாள் என்று அதைக் கொண்டாடி வருகின்றார்கள். எந்தச் சாமிக்கும் பிறந்த நாள் கொண்டாடாமல், தாங்கள் உயிரோடிருப்பதையே எண்ணிப் பார்த்துக் கொண்டாடும் இந்தப் பண்டிகை நமக்குப் பிடித்திருக்கின்றது. ஆனால் பத்து வருஷம் செல்வதற்குள் ஜப்பானியர் வந்தார்கள். 1942 ஆகஸ்டு முதல் 1945 செப்டம்பர் வரை அவர்கள் வசம் தீவு இருந்தது. சுமார் 1200 நவூருக்காரர்களை அவர்கள் ட்ரக் தீவுகளுக்குக் கொண்டு போய்க் கூலி வேலை வாங்கினார்கள். குஷ்டரோகிகள் 39 பேரைப் படகில் ஏற்றிக் கடலில் மூழ்கடித்தார்கள். ட்ரக்கிலிருந்து 1946 ஜனவரி 31-ல் திரும்பி வந்தவர்கள் 737 பேர். திரும்பி வந்தவர்களை வரவேற்றது யார்? அதே கமிஷனர்கள், அதே 42, 42, 16. சர்வதேச சங்கத்தின் இடத்தில் ஐக்கிய நாடுகள் சபை வந்தது. 1947-ல் தர்மகர்த்தா ஆட்சி என்று வெளிப்படையாகவே பேர் மாற்றப்பட்டது. பேர் மாறினதைத் தவிர வேறு மாற்றம் வெகு காலம் இல்லை.

பனபாவுக்கு நேர்ந்தது இதைவிடப் பரிதாபம். அந்த ஜனங்களை 1945 டிசம்பரில் பிஜி தேசத்திலுள்ள ராபி என்ற தீவுக்குக் கொண்டு போய் இறக்கினார்கள். அது புயல் காலம், குடியிருக்கக் கூடாரம். அந்த ராபித் தீவு யார் பணத்தில் வாங்கப்பட்டது என்றால், பனபாக்காரரின் பாஸ்பேட் பணத்திலேயே! தன் பணத்திலேயே தன்னை நாடு கடத்திய புண்ணியவான்களை வேறு எங்கும் காண முடியாது. அவர்கள் லண்டனுக்குப் போய் வழக்குத் தொடுத்தார்கள். 200 நாளுக்கு மேல் விசாரணை நடந்தது. 1976-ல் நீதிபதி மெகாரி சொன்ன தீர்ப்பின் சாரம் என்னவென்றால், சர்க்காருக்குப் பொறுப்பு இருக்கலாம். ஆனால் அது உயர்ந்த, ராஜ்ய சம்பந்தமான அர்த்தத்தில் உள்ள பொறுப்பு. கோர்ட்டில் கேட்டு வாங்கக்கூடிய தர்மகர்த்தாத்தனம் அல்ல என்பதாகும். இதையே நாம் இத்தனை நேரம் சொல்லி வருகின்றோம். "புனிதமான" என்றால் வசூலிக்க முடியாதது என்று அர்த்தம். பிறகு சர்க்கார் மனமிரங்கி ஒரு கோடி ஆஸ்திரேலிய டாலர் தருவதாகச் சொல்லிற்று. பாக்கியாக அல்ல, கருணையாக!

நவூருவுக்கு வருவோம். 1960-க்குப் பிறகு தீவில் இனிமேல் குடியிருக்க முடியாது என்பது தர்மகர்த்தாக்களுக்கே தெரிந்துவிட்டது. நிலத்தைத் திருத்துவதைவிட ஆட்களை அப்புறப்படுத்துவது மலிவு என்று கணக்குப் பார்த்து, ஆஸ்திரேலியாவின் குவீன்ஸ்லாந்துக் கரையிலுள்ள கர்ட்டிஸ் தீவில் குடியேறுங்கள் என்றார்கள். நவூருக்காரர்களின் தலைவர் ஹாமர் டெரோபர்ட் கேட்டது ஒன்றுதான்: அங்கே நாங்கள் நாங்களாகவே, எங்கள் ஆட்சியோடு இருக்கலாமா? அதற்கு ஆஸ்திரேலியா இடங்கொடுக்கவில்லை. ஊராட்சி மாதிரி ஒரு கவுன்சில் வேண்டுமானால் தருகிறோம் என்றது. வெள்ளையரல்லாதாரைக் குடியேற விடாத சட்டம் அத்தேசத்தில் அமலிலிருந்த காலம் அது என்பதையும் வாசகர்கள் ஞாபகத்தில் வைக்க வேண்டும். 1964-ல் அவர்கள் மறுத்துவிட்டார்கள். 4000 பேர்கூட இல்லாத ஒரு ஜனசமூகம், காலடி மண் போய்க் கொண்டிருக்கும்போதே, மண்ணைவிட மானம் முக்கியம் என்று சொன்னது சாதாரணமான காரியமல்ல. கமிஷனர்களின் யந்திரங்களை 2 கோடியே 10 லட்சம் டாலருக்கு விலைக்கு வாங்கிக் கொண்டு, ட்ரக்கிலிருந்து திரும்பி வந்த அதே ஜனவரி 31-ல், 1968-ம் வருஷம் சுதந்திரம் அடைந்தார்கள்.

அதோடும் விடவில்லை. சுதந்திரத்துக்கு முன் வெட்டி நாசமாக்கின மூன்றில் ஒரு பங்கு நிலத்தைத் திருத்துவது யார் பொறுப்பு என்று விசாரிக்க ஒரு கமிஷன் வைத்தார்கள். அதற்குத் தலைமை வகித்தவர் இலங்கையைச் சேர்ந்த சட்ட நிபுணர் வீரமந்திரி. மூன்று தேசங்களுமே பொறுப்பு என்று அவர் கமிஷன் சொல்லிற்று. 1989-ல் நவூரு ஆஸ்திரேலியாவின் மீது ஹேக் நகரத்து உலக நீதிமன்றத்தில் வியாஜ்யம் தொடுத்தது. ஆஸ்திரேலியா சொன்ன ஆட்சேபணைகளில் ஒன்று, "நாங்கள் மூன்று பேர் சேர்ந்து செய்தோம், ஆகையால் எங்களை மட்டும் தனியாகக் கேட்கக் கூடாது" என்பது. மூன்று பேராய்ச் சேர்ந்து திருடினால் ஒருவனையும் பிடிக்கக் கூடாது என்கிற இந்தச் சட்ட ஞானத்தை 1992-ல் நீதிமன்றம் தள்ளிவிட்டது. வழக்கு நடக்கும் என்று ஆனவுடன் 1993-ல் ஆஸ்திரேலியா ராஜிக்கு வந்து 10 கோடியே 70 லட்சம் டாலர் கொடுக்க ஒப்புக் கொண்டது. அதில் பாதிக்குச் சற்றுக் குறைய 20 வருஷத் தவணை. இங்கிலாந்தும் நியூஸிலாந்தும் ஆளுக்கு 1 கோடியே 20 லட்சம் ஆஸ்திரேலியாவிடம் கொடுத்து ஒதுங்கிக் கொண்டன. சின்ன தேசம் பெரிய தேசத்தைக் கோர்ட்டுக்கு இழுக்க முடியும் என்பதற்கு இது ஒரு நல்ல அத்தாட்சி.

இனி, நவூருவின் சொந்தத் தலைவர்களைப் பற்றியும் சொல்லாமல் விட்டால் நாம் பத்திரிகை நடத்துவதில் அர்த்தமில்லை. வெள்ளைக்காரன் செய்தால் கொள்ளை, நம்மவன் செய்தால் விதி என்று எழுதுகிற வழக்கம் நமக்குக் கிடையாது. சுதந்திரத்துக்குப் பிறகு பாஸ்பேட் உலக விலைக்கு விற்றது. 1970-க்குப் பிந்திய சில வருஷங்களில் தலைக்கு வருமானத்தில் உலகத்தின் முன்வரிசையில் நவூரு இருந்தது. வரி கிடையாது, வைத்தியம் இலவசம். பாஸ்பேட் தீர்ந்த பிறகு பேரப்பிள்ளைகளுக்கு வேண்டுமென்று ஒரு பெரிய நிதியும் வைத்தார்கள். அந்த நிதிக்கும் தர்மகர்த்தா என்றே பேர்! அந்தப் பணத்தில் மெல்போர்ன் நகரத்தில் 52 மாடிக் கட்டிடம் கட்டினார்கள். ஜனத்தொகைக்குக் கொஞ்சமும் பொருந்தாத ஆகாயக் கப்பல் கம்பெனி நடத்தினார்கள். 1993-ல் லண்டனில் ஒரு சங்கீத நாடகத்துக்கு முதல் போட்டார்கள். நாடகம் சில வாரங்களில் படுத்துவிட்டது. முதலைத் தின்று, கடன் வாங்கி, கடனுக்கு வட்டி கட்டக் கடன் வாங்கினார்கள். 2004-ல் மெல்போர்ன் கட்டிடம் கடன்காரர்களுக்காக விற்கப்பட்டது. நல்ல பாஸ்பேட்டும் 2000-த்தை ஒட்டி ஏறக்குறையத் தீர்ந்துவிட்டது. பக்கத்திலுள்ள கிரிபாட்டி தேசத்தில் இதே பாஸ்பேட் பணத்தில் 1956-ல் வைத்த நிதி இன்னும் கரையாமல், நூறு கோடி ஆஸ்திரேலிய டாலருக்கு மேல் இருக்கின்றது. (அது பனபாக்காரர் வயிற்றிலடித்துச் சேர்த்த பணம் என்பது வேறு விஷயம்.) ஆகவே சிறிய தேசத்துக்குக் கணக்கு வைத்துக் கொள்ளத் தெரியாது என்பது பொய். கணக்குக் கேட்க ஆளில்லாவிட்டால் கறுப்புத் தர்மகர்த்தாவும் வெள்ளைத் தர்மகர்த்தா மாதிரியே நடந்து கொள்ளுவான் என்பதுதான் உண்மை. ஐம்பது வருஷம் கணக்குக் காட்டாத எஜமானர்களிடம் ராஜ்யபாரம் படித்தவர்கள் வேறு எதைக் கற்றிருப்பார்கள்?

நவூருக்காரர்கள் சோம்பேறிகள், தின்று கொழுத்தவர்கள், அதனால்தான் நீரிழிவு என்று எழுதுகிற பிரயாணிகள் பலர். 1970-களில் வைத்தியர்கள் சோதித்தபோதே வயது வந்தவர்களில் ஏறக்குறைய மூன்றில் ஒருவருக்கு நீரிழிவு இருந்தது, அது மெய். ஆனால் ஐந்தில் நான்கு பாகம் நிலத்தைப் பாறையாக்கிவிட்டு, கப்பலில் வரும் டின் மாமிசத்தையும் சர்க்கரையையும் அரிசியையும் தின்னப் பழக்கிவிட்டு, "ஏன் தோட்டம் போடவில்லை?" என்று கேட்பது எந்த ஊர் நியாயம்? எங்கே போடுவது? கோரைப் பல்லின் மேலா?

பணம் போன பிறகு தேசத்துக்கு விற்க என்ன இருந்தது? தேசம் என்கிற பேர்தான் இருந்தது. முதலில் பெயர்ப்பலகைப் பாங்கிகளுக்கு லைசென்சு விற்றார்கள். சுமார் 400 பாங்கிகள், கட்டிடமில்லாமல், தபால் விலாசம் மட்டும். அமெரிக்கா கண்டித்த பிறகு அது நின்றது. 2001-ல் ஆஸ்திரேலியாவுக்குப் படகில் அடைக்கலம் தேடி வந்தவர்களை அத்தேசம் தன் கரையில் இறக்க மறுத்து, 2 கோடி டாலர் ஆரம்பத் தொகை கொடுத்து நவூருவில் அடைத்தது. எந்தப் பாறைக்காட்டை அது வெட்டி விட்டுப் போயிற்றோ அதே இடத்தில் முகாம். 2007-ல் இலங்கைத் தமிழர்களும் அங்கே அடைக்கப்பட்டார்கள். 2008-ல் மூடின முகாமை 2012-ல் மறுபடி திறந்தபோது முதலில் இறக்கப்பட்டவர்களும் இலங்கைத் தமிழர்களே. சொந்த ஊரில் உயிருக்குப் பயந்து ஓடினவனை, சொந்த மண்ணை இழந்தவனிடம் காவல் வைத்து, இருவரையும் ஒருவரையொருவர் வெறுக்கும்படி செய்துவிட்டு, மூன்றாமவன் தன் கடற்கரையில் நிம்மதியாய்க் குளித்துக் கொண்டிருக்கின்றான். நவூரு சர்க்காருக்கு வருமானத்தில் பெரும்பங்கு பல வருஷம் இதிலிருந்தே வந்தது. அதைக் குற்றம் சொல்லுகிற யோக்கியதை உலகத்தில் எல்லோருக்கும் இருந்தாலும் ஆஸ்திரேலியாவுக்குக் கிடையாது என்பது நமது அபிப்பிராயம்.

இப்பொழுது கடைசியாக ஒரு சங்கடம். பெரிய தேசங்களின் நிலக்கரிப் புகையாலும் எண்ணெய்ப் புகையாலும் உலகத்தின் சூடு ஏறி, சமுத்திர மட்டம் உயர்ந்து வருகின்றது. மற்றச் சில பவளத் தீவுகளுக்கு ஏறிப் போக மேடே கிடையாது. நவூருவுக்கு மேடு இருக்கின்றது. ஆனால் அந்த மேடு உரமாகப் போய்விட்டது. தட்டின் விளிம்பில் இருப்பவர்களில் நூற்றுக்குத் தொண்ணூறு பேரை மேல்பக்கத்துக்குக் குடி மாற்ற வேண்டும், பாறை முளைகளை உடைத்துச் சமன் செய்து, மண் கொட்டி, வீடும் ஆஸ்பத்திரியும் தோட்டமும் உண்டாக்க வேண்டும் என்று அந்த சர்க்கார் திட்டம் போட்டிருக்கின்றது. அதற்குப் பணம் சேர்க்க 2025-ல் தங்கள் தேசத்துப் பிரஜா உரிமையை விலைக்கு விற்க ஆரம்பித்தார்கள். விலை 1,05,000 அமெரிக்க டாலர். வாங்குகிறவன் தீவுக்கு வர வேண்டியதுகூட இல்லை. இது தேசத்துக்கே அவமானம் என்று வெளியூர்ப் பத்திரிகைகள் சில எழுதுகின்றன. டன்னுக்கு அரை பென்னி என்று விலை வைத்தபோது அவமானம் யாருக்கு என்று அந்தப் பத்திரிகைகள் கேட்டதாகத் தெரியவில்லை. கர்ட்டிஸ் தீவுக்குப் போங்கள் என்று சொன்ன சர்க்காரோ, 1993-ம் வருஷத்து ராஜியோடு நவூருக் கணக்கில் தன் பாக்கி தீர்ந்தது என்று எழுதி மூடி வைத்திருக்கின்றது.